கேடயத்தில் ஒட்டின பேர்

ஏனுங் தம்பி, அந்தப் பை மேல கால வெச்சறாதீங்க. உள்ள கேடயம் இருக்குதுங்க. கண்ணாடிக் கேடயம். ஈரோட்ல இருந்து மடியிலயே வெச்சுட்டு வந்தேன், தொடை மரத்துப் போச்சு, அதான் கீழ எறக்குனேன். நீங்க உக்காருங்க, நல்லா உக்காருங்க. கால மட்டும் அந்தப் பக்கமா நீட்டிக்கங்க.

கழுத்துல டேக்கு தொங்குது, பெங்களூருல கம்பெனிங்களா? எச்.ஆரா? அப்படிப் போடுங்க. ஆளெடுக்கற ஆளு. ஆள வெளிய அனுப்பறதும் நீங்கதான? சும்மா சொன்னனுங்க, கோவிச்சுக்காதீங்க. எனக்கு வாய் கொஞ்சம் சாஸ்தி. என்ற ஊட்டுக்காரம்மா அதையேதான் சொல்லும்.

நானும் கம்ப்யூட்டர் படிச்சவந்தானுங்க. மொகத்தப் பாத்தாத் தெரியாது. எங்க யுனிவர்சிட்டியில கம்ப்யூட்டர் துறை ஆரம்பிச்சப்ப மொத பேட்ச்சு நாங்க. ஒரே ஏசி ரூமு, செருப்ப வெளிய கழட்டி உட்டுட்டுத்தான் உள்ள போகோணும். கம்ப்யூட்டருக்குத் தூசு ஆகாதாமா. இன்னைக்கு அந்தக் கம்ப்யூட்டர விடப் பெருசு அவனவன் சட்டைப் பாக்கெட்லயே கெடக்குது, ஆனாலும் அந்தத் துறைக்குள்ள போறதுன்னா செருப்பக் கழட்டித்தான் ஆகோணும். ஏன்டான்னு கேட்டா ஒருத்தனுக்கும் தெரியாது. நாந்தான் உட்டுக் குடுக்காம வெச்சிருக்கேன். மரபுன்னு ஒண்ணு இருக்குதில்லீங்களா?

ஆமாங்க, முன்னாள் மாணவர் சங்கத்துக்குச் செயலாளரு நாந்தான். வெள்ளியங்கிரி. எலக்சன் எல்லாம் எதுக்குங்க? வேற எவனும் வர மாட்டேங்கறான், நானும் போக மாட்டேங்கறேன். வாட்சப் குரூப்புக்கும் அட்மின் நாந்தான். காலையில ஒருத்தன் பூ படத்தோட வணக்கம் போடுவான். பொறந்த நாளைக்கு கேக்கு போடுவான். ஒருத்தன் பவானிப் பக்கம் சைட்டு விக்கறேம்பான், ஒருத்தன் பொண்ணுக்கு மாப்பிள்ளை இருக்குதாம்பான். இதுக்குப் பேரு நெட்வொர்க்கு! பாத்துப் பாத்து எனக்குப் பத்திக்கிட்டு வந்துச்சு. ரிட்டையர்டு ஆனதும் மொத வேலையா குரூப்புக்குப் பேர மாத்துனேன். ‘தொழில்முனைவோர் குடும்பம்’. ஒரு விதியும் போட்டேன்: வேலை கேட்டு எவனும் இங்க மெசேஜ் போடக்கூடாது. போட்டா மெசேஜையும் தூக்குவேன், ஆளையும் தூக்குவேன். தூக்கியும் இருக்கறேன். மொதல்ல கொஞ்ச பேரு மொனகுனாங்க, அப்பறம் ஒரு சத்தமில்ல. குரூப்பு அவ்வளவு சுத்தம்.

நானா? நான் கவர்மெண்ட்டுங்க. படிச்சு முடிச்ச வருசமே ஆர்டர் வந்துருச்சு. ரிட்டையர்டு ஆகற வரைக்கும் ஒரே சீட்டு, ஒரே ஃபேனு. பென்சன் வருது. இல்லீன்னா நானும் ஒரு கம்பெனி ஆரம்பிச்சு எங்கியோ போயிருப்பேன். நேரம் அமையலீங்க.

சரி, கேடயத்துக்கு வாறேன். போன பொங்கல் லீவுல முன்னாள் மாணவர் சந்திப்பு. ‘சிறந்த தொழில்முனைவோர்’ன்னு ஒருத்தருக்கு விருது குடுக்கறதுன்னு முடிவு பண்ணுனோம். பண்ணுனோம்னா, நான் பண்ணுனேன். துறைத்தலைவர் எஸ்தர் மேடம் கேட்டாங்க, ‘ஆள எப்படி சார் தேர்ந்தெடுக்கறது, கமிட்டி வேண்டாமா’ன்னு. கமிட்டியா? அட, லிங்க்ட்இன்னுன்னு ஒண்ணு இருக்குதே, அதுல நம்ம யுனிவர்சிட்டி பேரப் போட்டு, ‘பவுண்டர்’னு, அதாங்க கம்பெனிய ஆரம்பிச்சவருன்னு, போட்டுத் தேடுனா கொட்டுது! எவனத் தொட்டாலும் பவுண்டரு. மாவு அரைச்சு விக்கறவன் பவுண்டரு. கோலப்பொடி விக்கற அம்மணி பவுண்டரு. இவங்களுக்கெல்லாமா கண்ணாடிக் கேடயம் குடுக்க முடியும்? தேடித் தேடி ஒருத்தனப் புடிச்சேன். மகுடேசன். கொடுமுடிப் பக்கம். நல்ல பெரிய கம்பெனியில பத்து வருசம் இருந்தவன், உட்டுட்டு வந்து ‘பவுண்டர், ஸ்டெல்த் ஸ்டார்ட்அப்’னு போட்டிருக்கான்.

உங்களுக்கு என்னான்னு தெரிஞ்சிருக்கும். எனக்கு அப்பத் தெரியல. என்ற பையன் நிரஞ்சனுக்குப் போனப் போட்டேன். அவனும் நம்ம துறைதானுங்க, பெங்களூருல இருக்கான். ‘இதென்னடா ஸ்டெல்த்து’ன்னேன். ‘எதுக்குப்பா கேக்கறீங்க’ன்னான். அப்பறம் சொன்னான், ‘அது ரகசியக் கம்பெனிப்பா. என்ன பண்றோம்னு வெளிய சொல்லிக்க மாட்டாங்க’ன்னு. ‘அப்படியும் இருக்குதாடா?’ன்னேன். ‘இருக்குதுப்பா. நானும் இப்ப அப்படித்தான். தீவாளியில இருந்து’ங்கறான்.

எனக்கு எப்படி இருந்திருக்கும் பாருங்க! பெத்த அப்பன்கிட்டக் கூடச் சொல்லாம ஒரு கம்பெனி ஆரம்பிச்சிருக்கான். நான் குரூப்புல ‘வேலை தேடாதே, வேலை கொடு’ன்னு கத்திட்டுக் கெடக்கறேன், என்ற ஊட்லயே ஒருத்தன் சத்தமில்லாமப் பண்ணிக் காட்டிட்டான். ஆனா மொத வருசமே சொந்தப் பையனுக்குக் குடுத்தா ஊரு என்ன சொல்லும்? அதனால மகுடேசன்தான்னு முடிவு பண்ணுனேன்.

அவன் வரமாட்டேன்னான். ‘எனக்கெல்லாம் எதுக்குங்க சார் விருது, நான் ஒண்ணுமே பண்ணலீங்க’ன்னான். தன்னடக்கம்! திருப்பிக் கூப்புட்டேன். ‘ரகசியம்னா ரகசியமாவே இருக்கட்டுமுங்க சார்’ன்னான். அட, ரகசியத்த நான் கேக்கலீங்க, ஆளு வந்து நின்னாப் போதும்னேன். கடைசியில, ‘பழைய மாணவங்க நெறையப் பேரு வருவாங்களா சார்?’ன்னு கேட்டான். ‘வராம? ஹாலு கொள்ளாது’ன்னேன். ‘அப்ப வாறேன்’னுட்டான். அங்கியே எனக்குச் சந்தேகம் வந்திருக்கோணும்.

விழா நம்ம துறை ஹால்லயேதான். எப்படி நடந்துச்சுங்கறீங்க? மேடைக்குப் பின்னால பேனரு, இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும்: ‘வேலை தேடாதே! வேலை கொடு!’ குத்துவிளக்கு, பொன்னாடை, மேளம் ஒண்ணுதான் இல்ல. அவனப் பத்தி நானே பேசுனேன். ‘இவர் என்ன கம்பெனி நடத்துறார்னு யாருக்கும் தெரியாது. அவ்வளவு பெரிய கம்பெனி’ன்னேன். ஒரே கைதட்டு. கேடயத்தக் கையில குடுத்தேன், போட்டோ எடுத்தாச்சு, மைக்க நீட்டியாச்சு.

வாங்குனவன் ‘நன்றி வணக்கம்’னு சொல்லிட்டு எறங்குனா என்னங்க கெட்டுப் போச்சு?

நின்னான். கேடயத்தையே பாத்துட்டு நின்னான். அப்பறம் சொல்றான், ‘எனக்குக் கம்பெனி ஒண்ணும் இல்லீங்க. ஆடி மாசத்துல என்னைய வேலைய விட்டு எடுத்துட்டாங்க. சும்மா இருக்கேன்னு போட்டுக்க முடியாதுங்க. மாமனாரு பாப்பாரு, கூடப் படிச்சவங்க பாப்பாங்க. அதனால எல்லாரும் போட்டுக்கற மாதிரி நானும் பவுண்டர்னு போட்டுக்கிட்டேன். நம்ம குரூப்புல வேலை கேக்கக் கூடாதுன்னு விதி. அதான் நேர்ல கேக்கலாம்னு வந்தேன். பேங்க் சாப்ட்வேர்ல பத்து வருச அனுபவம் இருக்குதுங்க. யாருக்காச்சும் தெரிஞ்சா சொல்லுங்க. என்ன சம்பளமா இருந்தாலும் பரவால்லீங்க.’

என்ற பேனருக்கு அடியில நின்னுட்டு! நான் போத்துன பொன்னாடையப் போத்திக்கிட்டு! கல்யாண ஊட்ல ஒப்பாரி வெச்ச மாதிரி!

சரி, இவன் ஒருத்தன் பைத்தியக்காரன்னு உட்றலாம். பின்னால வரிசையில ஒருத்தன் எந்திரிச்சான். ‘மகுடு, நானும்தான்டா’ன்னான். அவன் பவுண்டர் அண்டு சி.இ.ஓ.வுங்க! போன வருசம் அவனுக்குப் பொன்னாடை போத்துனதே நாந்தான். அப்பறம் இந்தப் பக்கம் ஒரு அம்மணி எந்திரிச்சுச்சு. சும்மா நின்னுச்சு. அதப் பாத்து இன்னொருத்தன். இப்படியே அங்கொருத்தன் இங்கொருத்தன் எந்திரிக்கறாங்க. எஸ்தர் மேடம் கண்ணத் தொடைக்கறாங்க. இதென்ன கூட்டமா, இல்ல கோயில்ல சாமி வந்து ஆடறதா?

நான் என்ன பண்ணுனேன் தெரியுங்களா? நேரா சவுண்டு சர்வீஸ்காரங்கிட்ட ஓடி, ‘தேசிய கீதத்தப் போடுய்யா’ன்னேன். ‘இன்னும் நன்றியுரை இருக்குதுங்களே’ன்னான். ‘போடுய்யா மொதல்ல!’ போட்டுட்டான். இப்ப எல்லாரும் எந்திரிச்சுத்தான ஆகோணும்? மொத்த ஹாலும் எந்திரிச்சு நின்னுச்சு. எவன் வேலை இல்லாம நிக்கறான், எவன் தேசிய கீதத்துக்கு நிக்கறான்னு ஒருத்தனுக்கும் தெரியாமப் போச்சு. எப்படிங்க என்ற சாமர்த்தியம்? துறை மானத்தக் காப்பாத்துனது அன்னைக்கு நாந்தான். ஒருத்தர் ஒரு வார்த்தை நன்றின்னு சொல்லலீங்க.

தொப்பூர்க் கணவாய் வந்துருச்சுங்க, கெட்டியாப் புடிச்சுக்கங்க. டிரைவர் கைய உட்டுட்டு ஓட்டறாப்ல. பை நகுருது பாருங்க. கொஞ்சம் கால முட்டுக் குடுங்க. இல்ல இல்ல, மேல வெக்காதீங்க, பக்கத்துல.

அப்பறம் என்னாச்சுங்கறீங்க? சாப்பாடு எலை போட்டாச்சு, ஒருத்தனும் வரல. எங்கடான்னு பாத்தா எல்லாரும் வாசல்ல செருப்பு கழட்டி உட்ட எடத்துல நிக்கறாங்க. குனிஞ்சு செருப்பத் தேடறது, அப்படியே நின்னு பேசறது. மகுடேசனச் சுத்தி ஒரு கூட்டம். ‘எங்க கம்பெனியில ஒரு எடம் இருக்குதுடா’ங்கறான் ஒருத்தன். ‘உன்ற ரெஸ்யூம அனுப்பு, நான் திருத்தித் தாறேன்’ங்கறான் இன்னொருத்தன். அந்த எடத்துலயே புதுசா ஒரு குரூப்பும் ஆரம்பிச்சுட்டாங்க. பேரு என்ன தெரியுங்களா? ‘செருப்பு ஸ்டேண்டு’. படிச்சவங்க வெக்கற பேராங்க அது? அதுல என்னையச் சேத்துக்கலீங்க. அந்தத் துறைய எந்தோள்ல சொமந்தவன் நான், என்னையச் சேத்துக்க மாட்டாங்களாம்! எஸ்தர் மேடத்துக்கிட்டக் கேட்டேன், ‘அதுல வேலை கேக்கறவங்களும் குடுக்கறவங்களும் மட்டுந்தான் சார்’ங்கறாங்க. அப்ப நான் யாருங்க?

அதுல ஆறேழு பேருக்கு வேலையும் கெடைச்சிருச்சாமா. மகுடேசனும் சென்னையில எங்கியோ சேந்துட்டானாமா. கெடைக்கட்டும், கெடைக்கட்டும். எனக்கென்ன வயித்தெரிச்சலா? வேலைக்குப் போறதுல என்ன பெருமை இருக்குதுங்கறேன்.

ஆனா பாருங்க, அன்னைக்கு அந்த மகுடேசன் எங்கிட்டத் தனியா வந்தான். வந்து கேடயத்த நீட்டறான். ‘இது எனக்கு வேண்டாங்க சார், வெச்சிருங்க’ன்னான். நான் மொகத்தத் திருப்பிக்கிட்டேன். அவன் போகல. ‘சார், நிரஞ்சன்கிட்டப் பேசுங்க’ன்னான். ‘அவன உனக்கெப்படித் தெரியும்?’னேன். ‘தெரியுமுங்க சார். போன்ல வேண்டாம், நேர்ல போயிப் பேசுங்க. சீக்கிரம் போங்க’ன்னான். எங்கைய வேற புடிச்சுக்கிட்டான்.

எனக்கு அப்பத்தான் பொறி தட்டுச்சு. அட, கேடயத்தத் தகுதியான ஆளுக்குக் குடுங்கன்னு சொல்றான்! அவனுக்கே தெரிஞ்சிருக்குது பாருங்க, நெசமான பவுண்டரு யாருன்னு. அடுத்த நாளே கடைக்குப் போயி, ‘நிரஞ்சன் வெள்ளியங்கிரி’ன்னு தங்கக் கலர்ல ஒரு பட்டை அடிச்சு, மகுடேசன் பேரு மேலயே ஒட்டியாச்சு. பொன்னாடையும் ஒண்ணு மிச்சம் இருந்துச்சு, அதையும் மடிச்சு வெச்சுட்டேன்.

அப்பவே கெளம்பியிருப்பேன். அவன்தான் வேண்டாம் வேண்டாம்னுட்டான். மாசில, ‘வேலை நெம்ப இருக்குதுப்பா’ன்னான். பங்குனியில, ‘ஊடு மாத்தறோம்பா’ன்னான். பெரிய அபார்ட்மெண்ட்ட உட்டுட்டு எங்கியோ தள்ளி ஒரு சின்ன ஊட்டுக்குப் போயிருக்கான். ஆபீஸுக்குத்தான் போறதில்லயே, பெரிய ஊடு எதுக்குங்கறான். சரிதான? காரையும் குடுத்துட்டான். அந்த ஊரு டிராபிக்குல காரு எதுக்குங்க? நான் எப்பக் கூப்புட்டாலும் ஊட்லதான் இருக்கான். குக்கர் சத்தம் கேக்கும், பாப்பா அழுகற சத்தம் கேக்கும். மருமக ஆபீஸ் போயிருது. பவுண்டருன்னா அதாங்க சௌகரியம், நேரம் நம்ம கையில.

என்ற குரூப்புல இருந்தும் வெளிய போயிட்டான். அவ்வளவு பிசி.

என்னங்க தம்பி, அப்படிப் பாக்கறீங்க? நீங்க நெனைக்கறது புரியுது. என்ற பையன் அப்படியில்லீங்க. மகுடேசன் மாதிரி ஆளுக பொய்யாப் போட்டுக்கறாங்கங்கறதுக்காக நெசமாலுமே கம்பெனி நடத்தறவன் இருக்க மாட்டானா? எட்டாவதுலயே ஸ்கூல்ல மொத ஆளா கம்ப்யூட்டர் போட்டியில ஜெயிச்சவனுங்க அவன்.

இதத்தான் என்ற ஊட்டுக்காரம்மாகிட்டயும் சொன்னேன். காலையில பாத்தா அரிசி ஒரு மூட்டை, பருப்பு, செக்கு எண்ணெய், மொளகாத்தூளுன்னு கட்டி வெச்சிருக்குது. இந்த பஸ் டிக்கியில கெடக்குதுங்க அத்தனையும். ‘பவுண்டரு ஊட்டுக்கு எதுக்குடி அரிசி மூட்டை, பெங்களூருல அரிசி விக்காதா?’ன்னேன். ‘கொண்டு போய்க் குடுங்க’ன்னுச்சு. அவ்வளவுதான் சொல்லுச்சு. பொம்பளைங்களுக்குத் தொழிலப் பத்தி என்னங்க தெரியும்?

இருங்க, ஓசூரு வந்துருச்சா? ஒரு போன் போட்டறேன். வாறேன்னே சொல்லல அவன்கிட்ட. திடீர்னு போயி நின்னு, பொன்னாடையப் போத்தி, கேடயத்த நீட்டி, போட்டோ எடுத்துக் குரூப்புல போட்டறலாம்னு இருந்தேன். ஆனா புது ஊடு, அட்ரஸு தெரியோணுமில்ல.

அலோ. அலோ? ஆரு, பாப்பாவா? தாத்தா பேசறேன் சாமி. ஸ்கூலு லீவு உட்டாச்சா? அப்பங்கிட்டக் குடு. என்னது? போன ஊட்லயே உட்டுட்டு எங்க போயிருக்கான்? …ஓ. ஓ. சரி சாமி. …எப்ப வருவான்? …அப்படியா. …நீயும் கும்புட்டயா? நல்ல புள்ள. ஆயா கூட இருக்கறயா, பக்கத்து ஊட்டு ஆயா? எங்க எறங்கோணும்னு அந்த ஆயாகிட்டக் கேட்டுச் சொல்லு. …எலக்ட்ரானிக் சிட்டியா? சரி. தாத்தா வந்துட்டே இருக்கேன். அப்பனுக்குச் சொல்லாத.

கேட்டீங்களா தம்பி? இன்டர்வியூவுக்குப் போயிருக்கானாமா. இன்டர்வியூ! ஆளெடுக்கறான். நாஞ் சொன்னனில்ல, கம்பெனி பெருசாகுது.

பாப்பா சொல்லுது, அப்பா இஸ்திரி போட்ட சட்டை போட்டு, நெத்தி நெறையத் துண்ணூறு பூசி, சாமி கும்புட்டுட்டுப் போச்சுன்னு. பாப்பாவையும் கும்புடச் சொன்னானாமா. ‘அப்பாவுக்கு இந்தத் தடவையாச்சும் கெடைக்கோணும்னு கும்புடு’ன்னானாமா.

ம்.

தம்பி, நீங்க ஆளெடுக்கற ஆளுதான? ஒண்ணு கேக்கறேன். இன்டர்வியூ எடுக்கப் போறப்ப நீங்க துண்ணூறு பூசிட்டா போவீங்க? சாமி கும்புட்டுட்டா போவீங்க?

இல்லீங்களா.

இல்ல, சும்மா கேட்டேன்.

தண்ணி இருக்குதுங்களா? கொஞ்சம் குடுங்க. சட்டையில கொட்டிக்கிட்டேன் பாருங்க. பஸ்ஸு ஆட்டம். இந்தத் தையில இருந்து… நேர்ல போங்கன்னு கையப் புடிச்சு சொன்னானுங்க அந்தப் பையன். சீக்கிரம் போங்கன்னு. நான் கேடயத்துக்குப் பேரு அடிக்கக் கடைக்குப் போனேன்.

எலக்ட்ரானிக் சிட்டி தெரியுதுங்களே, பஸ்ஸு அங்க நிக்குமா? நான் அங்கதான் எறங்கோணும். தம்பி, உங்க கம்பெனியில இப்ப ஆளெடுக்கறாங்களா? என்ற பையனுக்கில்லீங்க. அவன் பவுண்டரு. ஒரு தெரிஞ்சவரு பையன். நல்ல பையன். எட்டாவதுலயே… நல்ல பையனுங்க. பன்னெண்டு வருச அனுபவம். எந்த வேலையா இருந்தாலும் செய்வான். பொண்ணுக்கு ஆறு வயசாகுது. உங்க நம்பரக் குடுத்தீங்கன்னா அவனையே பேசச் சொல்றேன். வேண்டாம், வேண்டாம், அவன் பேச மாட்டான், எங்கிட்டயே பேசலயே. நானே பேசறேன். பேரா? பேரு… அப்பறம் சொல்றனுங்க.

கண்டக்டர்! எறக்கம்! டிக்கியத் தொறக்கச் சொல்லுங்க, அரிசி மூட்டை இருக்குது!

நான் வாறனுங் தம்பி. என்னது, பையா? இருக்கட்டும், அது அங்கியே இருக்கட்டும். மூட்டையத் தூக்கறதா இதத் தூக்கறதா? நான் ஒண்டி ஆளு. நீங்க ஒண்ணும் நெனைச்சுக்காதீங்க. இப்பக் கால நல்லா நீட்டிக்கங்க. மேலயே வெச்சுக்கங்க, ஒண்ணும் ஆகாது.